52 வயசுல விமானம் ஓட்டப் போனவர்

எங்க பாட்டிக்கு வயசு தொண்ணூறை நெருங்கிக்கிட்டிருக்கு. நேத்து என்ன சாப்பிட்டோம்கிறது மறந்துபோகும். ஆனா அஞ்சு வயசுல திருவல்லிக்கேணி வீட்டைப் பூட்டிட்டு, சட்டிபானையோட எழும்பூர்ல ரயிலேறி கும்பகோணம் போனது மட்டும் நேத்து நடந்த மாதிரி ஞாபகம் இருக்கும். "எவாகுவேஷன் வருஷம்"னுதான் சொல்லுவாங்க. "ஜப்பான்காரன் குண்டு போட வரான்னு ஊரே காலி ஆயிடுத்துடா. பூட்டின வீட்டுக்குக் காவலா அப்பா மட்டும் இங்கயே இருந்தார்."

1942 ஏப்ரல். அந்தச் சமயத்துல மெட்ராஸை விட்டு லட்சக்கணக்கான மக்கள் வெளியேறினாங்க. அரசாங்க ஆபீஸ்களையே உள்நாட்டு ஊர்களுக்கு மாத்தினாங்க. சும்மா வதந்திக்கு பயந்த கதை இல்லை இது. ஏப்ரல் 5-ம் தேதி கொழும்பு மேல குண்டு விழுந்துச்சு. 6-ம் தேதி காக்கிநாடாவும் விசாகப்பட்டினமும். 9-ம் தேதி திரிகோணமலை. எல்லாமே ஜப்பானோட விமானந்தாங்கிக் கப்பல்கள்ல இருந்து கிளம்பிய விமானங்கள் போட்ட குண்டுகள்.

அதே 9-ம் தேதி மட்டக்களப்புக்குப் பக்கத்துக் கடல்ல இன்னொண்ணும் நடந்தது. பிரிட்டிஷ் கப்பல் ஹெர்மிஸ் மூழ்கிடுச்சு. வேற எதுக்கோ கட்ட ஆரம்பிச்ச கப்பலை மாத்தி அமைக்காம, விமானந்தாங்கிக் கப்பலாகவே வரைபடம் போட்டுக் கட்ட ஆரம்பிச்ச உலகத்தோட முதல் கப்பல் அது. அன்னிக்கு அந்தக் கப்பல்ல ஒரு விமானம்கூட இல்லை, எல்லாம் கரையில இருந்தது. ஜப்பானிய டைவ் பாம்பர்கள் அரைமணி நேரத்துக்குள்ள கதையை முடிச்சாங்க. 307 பேர் செத்தாங்க.

இந்த வகைக் கப்பலையே கண்டுபிடிச்ச நாடு பிரிட்டன். அவங்ககிட்டயே அந்தக் கலையைக் கத்துக்கிட்ட நாடு ஜப்பான். 20 வருஷத்துல எப்படி இப்படித் தலைகீழா ஆச்சு? இதைத்தான் ரெண்டு மாசமா, ஆணி புடுங்கற நேரம் போக மிச்ச நேரத்துல படிச்சுக்கிட்டிருந்தேன். இஞ்சின் எத்தனை குதிரைசக்தி, குண்டு எத்தனை கிலோன்னு பதில் வரும்னுதான் நினைச்சேன். கிடைச்ச பதில் வேற. யாருக்கு ப்ரமோஷன் குடுத்தாங்க, யாரை எங்க உக்கார வச்சாங்க, அனுபவசாலியை எப்ப வீட்டுக்கு அனுப்பினாங்க. அதாவது நம்ம அப்ரைசல் மேட்டர்!

பதிவு கொஞ்சம் நீளம். காபி எடுத்துக்கிட்டு உக்காருங்க.

சைக்கிள் ட்யூபும் மணல் மூட்டையும்

1910 நவம்பர் 14. யூஜின் ஈலிங்கிற அமெரிக்கர், பர்மிங்ஹாம்ங்கிற போர்க்கப்பலோட முன்பக்கத்துல அடிச்ச மரப் பலகை மேடையிலிருந்து விமானத்தைக் கிளப்பினார். கடற்படை ஆள்கூட இல்லை, சிவிலியன். மேடை முடிஞ்சதும் விமானம் கீழ சரிஞ்சு, சக்கரம் தண்ணியைத் தொட்டு, எப்படியோ மேல ஏறி கரையில போய் இறங்கினார்.

ரெண்டு மாசம் கழிச்சு, 1911 ஜனவரி 18-ல, சான் ஃப்ரான்சிஸ்கோ விரிகுடாவுல பென்சில்வேனியா கப்பல் மேல இறங்கியே காட்டினார். மேடையில குறுக்குக் குறுக்கா கயிறு கட்டி, ரெண்டு முனையிலயும் மணல் மூட்டை வச்சிருந்தாங்க. விமானத்துக்கு அடியில இருந்த கொக்கி கயிறுகள்ல மாட்டி இழுத்து நிறுத்திடுச்சு. கயிறு இரும்பு வடமாச்சு, மணல் மூட்டை ஹைட்ராலிக் இயந்திரமாச்சு. மத்தபடி இன்னிக்கு வரைக்கும் அதே டெக்னிக்தான். ஈலிக்கு நீச்சல் பயம். அதனால சைக்கிள் ட்யூபுல காத்தடிச்சு உடம்புல சுத்திக்கிட்டுப் பறந்தார். அதே வருஷம் அக்டோபர்ல ஒரு கண்காட்சியில பறக்கும்போது விழுந்து செத்துப் போனார். தண்ணியில இல்லை, தரையில.

அடுத்த அடியை எடுத்து வச்சது பிரிட்டன். 1917 ஆகஸ்ட் 2-ல எட்வின் டன்னிங்கிற விமானி, ஓடிக்கிட்டிருக்கிற ஃப்யூரியஸ் கப்பல் மேல இறங்கினார். உலகத்துல முதல் தடவை. கீழ நின்ன சகாக்கள் விமானத்தைக் கையால பிடிச்சு இழுத்து நிறுத்தினாங்க. அஞ்சு நாள் கழிச்சு திரும்ப முயற்சி பண்ணப்ப விமானம் கடல்ல விழுந்து இறந்துட்டார். 25 வயசு.

அந்தக் காலத்துல கடற்படையில விமானியா சேர்றதுன்னா இதுதான் கேரியர். அமெரிக்கக் கடற்படையோட விமானி நம்பர் 1 தியோடர் எல்லிசன் 1928-ல விமான விபத்துல செத்தார். நம்பர் 2 ஜான் ராட்ஜர்ஸ் 1926-ல விமான விபத்துல. நம்பர் 3 ஜான் டவர்ஸ் மட்டும் தப்பிச்சார். அதுவும் எப்படி? 1913-ல அவர் பயணியா உக்காந்திருந்த விமானம் காத்துல தூக்கிப் போட்டதுல, ஓட்டிக்கிட்டிருந்த பில்லிங்ஸ்லி வெளிய விழுந்து இறந்துட்டார். டவர்ஸ் ஒரு கட்டையைப் பிடிச்சுத் தொங்கிக்கிட்டே விமானத்தோட கடல்ல விழுந்து பிழைச்சார். விமானத்துல சீட் பெல்ட் கட்டற வழக்கம் வந்ததுக்கு இந்த விபத்து ஒரு முக்கியக் காரணம். அடுத்த தடவை ஏர்ஹோஸ்டஸ் சொல்லும்போது சலிச்சுக்காதீங்க.

இந்த டவர்ஸை ஞாபகம் வச்சுக்கோங்க. பின்னாடி வருவார்.

ஒரே ஆளுக்கு ரெண்டு பாஸ்

1918 ஏப்ரல் 1. (ஆமாம், அதே தேதிதான்.) பிரிட்டன் தன்னோட ராணுவ விமானப் பிரிவையும் கடற்படை விமானப் பிரிவையும் ஒண்ணாச் சேர்த்து ராயல் ஏர் ஃபோர்ஸ்னு தனிப்படை ஆக்கினாங்க. அன்னிக்கு உலகத்துலயே பெரிய கடற்படை விமானப் பிரிவு அவங்களோடதுதான். கிட்டத்தட்ட 55 ஆயிரம் பேர். ஒரே ராத்திரியில எல்லாரும் வேற கம்பெனிக்குப் போயிட்டாங்க.

அதுக்கப்புறம் 20 வருஷத்துக்கு மேல, கப்பல் கடற்படையோடது, அதுமேல நிக்கற விமானம் விமானப்படையோடதுன்னு குடித்தனம் நடந்துச்சு. 1924-ல ஒரு சமரசம் பண்ணி கடற்படை அதிகாரிகளையும் விமானியா எடுத்தாங்க. ஆனா அவங்களுக்கு ரெண்டு படையிலயும் ரெண்டு ரேங்க். நம்ம ஆபீஸ்ல "டாட்டட் லைன் ரிப்போர்ட்டிங்"னு ஒரு கொடுமை இருக்கே, அதேதான். அனுபவிச்சவங்களுக்குத் தெரியும்.

விளைவு என்ன? பறக்கத் தெரிஞ்ச சீனியர்கள் எல்லாம் விமானப்படையில மேல போனாங்க. கடற்படையில அட்மிரல் ஆகற வரிசையில இளமையில விமானம் ஓட்டினவங்க ரொம்பக் கம்மி. பட்ஜெட் மீட்டிங்ல "இந்த விமானம் பழசு, புதுசு வேணும்"னு மேஜையைத் தட்ட ஆளில்லை. விமானப்படைக்கோ அவங்க பாம்பர்கள்தான் செல்லப்பிள்ளை. 1937-ல விமானங்களைக் கடற்படைக்கே திருப்பிக் குடுக்கறதுன்னு முடிவாகி, 1939 மே மாசம் முழுசாக் கைக்கு வந்துச்சு. செப்டம்பர்ல உலகப்போர். அப்ப அவங்க கையில இருந்த முக்கியமான தாக்குதல் விமானம் ஸ்வோர்ட்ஃபிஷ். ரெண்டு அடுக்கு இறக்கை, துணி போத்தின உடம்பு, அதிகபட்ச வேகமே மணிக்கு 220 கிலோமீட்டர் சொச்சம்.

ஆனா அந்த விமானிகள் லேசுப்பட்டவங்க இல்லை. 1940 நவம்பர் 11 ராத்திரி, அதே ஓட்டை விமானங்கள்ல 21 மட்டும் இல்லஸ்ட்ரியஸ் கப்பல்ல இருந்து கிளம்பி, டாரன்டோ துறைமுகத்துல நின்ன மூணு இத்தாலியப் போர்க்கப்பல்களைச் செயலிழக்க வச்சுச்சு. இழந்தது ரெண்டே விமானம். திறமை கீழ இருந்தது. மேல இருந்து பேசறதுக்குத்தான் ஆளில்லாம போச்சு.

சட்டம் போட்ட அமெரிக்கா

அமெரிக்காவுலயும் இதே ஆபத்து வந்துச்சு. பில்லி மிட்செல்னு ஒரு ராணுவ ஜெனரல், விமானம் எல்லாத்தையும் தனிப்படை ஆக்கணும்னு ஊர் ஊராப் போய் முழங்கினார். 1925-ல மேலிடத்தைத் திட்டி அறிக்கை விட்டு கோர்ட் மார்ஷல் வரைக்கும் போனார்.

அவரை எதிர்த்து நின்னவர் அட்மிரல் வில்லியம் மாஃபெட். மாஃபெட் விமானி இல்லை, பீரங்கிக் கப்பல் ஆள். 1921-ல கடற்படை விமானத்துறைக்கு முதல் தலைவரானார். பதவிக்கு வந்தப்புறம் சும்மா உக்காந்திருக்காம, 1922-ல விமானப் பார்வையாளர் பயிற்சி எடுத்துத் தேறினார். அதாவது விமானம் ஓட்ட வேண்டாம், ஆனா அதுல பறந்து அந்த வேலை என்னன்னு தெரிஞ்சிருக்கணும். (1933-ல அக்ரான்ங்கிற ராட்சத ஆகாயக் கப்பல் கடல்ல விழுந்து செத்த 73 பேர்ல மாஃபெட்டும் ஒருத்தர். ஆபீஸ் ரூம்ல இருந்து ஆளாத தலைவர்.)

மாஃபெட் காலத்துல 1926-ல ஒரு சட்டம் வந்துச்சு. விமானந்தாங்கிக் கப்பலுக்குத் தலைமை ஏற்கணும்னா, விமானியாகவோ பார்வையாளராகவோ தேறியிருக்கணும். இந்த ஒரு வரி எவ்ளோ பெரிய வேலை பண்ணுச்சுன்னு யோசிச்சுப் பாருங்க. அதுவரை விமானியானா கேப்டன் பதவி கிடைக்காது, ஏன்னா கப்பல் அனுபவம் இல்லைன்னு கழிச்சுடுவாங்க. இனிமே சில கப்பல்கள் விமானிக்குத்தான். புத்திசாலிப் பையன் தைரியமா இந்தப் பக்கம் வரலாம், எதிர்காலம் இருக்கு.

ஆனா ஒரு சிக்கல். விமானிகள் எல்லாம் அப்ப சின்னப் பசங்க. பெரிய கப்பலுக்கு கேப்டனாகற சீனியாரிட்டி யாருக்கும் இல்லை. அதனால நாற்பது, ஐம்பது வயசுக்காரங்க விமானப் பள்ளிக்கூடத்துக்குப் போக ஆரம்பிச்சாங்க. எர்னஸ்ட் கிங் 1927-ல 48 வயசுல விமானியானார். பின்னாடி இரண்டாம் உலகப்போர்ல மொத்த அமெரிக்கக் கடற்படைக்கும் தலைவரானவர் அவர்தான்.

வில்லியம் ஹால்சி கதைதான் டாப். வாழ்க்கை முழுக்க டெஸ்ட்ராயர் கப்பல்ல இருந்தவர். கண்பார்வை சரியில்லைன்னு முன்னாடி ஒருதடவை விமானப் பயிற்சி தட்டிப் போயிருந்தது. 1934-ல கிங் கூப்பிட்டு, "பார்வையாளர் கோர்ஸ் முடிச்சுட்டு வா, சரடோகா கப்பலைத் தரேன்"னார். பென்சகோலாவுக்குப் போன ஹால்சி, பார்வையாளர் கோர்ஸ் வேண்டாம், முழு விமானி கோர்ஸே பண்றேன்னு மாத்திக்கிட்டார். கூடப் படிச்சதெல்லாம் இருபது சொச்சம் வயசுப் பசங்க. 1935 மே மாசம் விமானி சின்னம் குத்திக்கிட்டப்ப வயசு 52.

நம்ம ஊர்ல 52 வயசுல ஸ்கூட்டி கத்துக்கிட்டாலே "இந்த வயசுல எதுக்கு?"ன்னு கேப்பாங்க.

ஆரம்பகால விமானிகளுக்கு இவங்களைக் கண்டா ஆகாது. உயிரைப் பணயம் வச்சு 25 வருஷம் பறந்தது நாங்க, கடைசியில ஏறி ஜன்னல் சீட்ல உக்கார்றது இவனுங்களான்னு ஆத்திரம். அந்த ஆத்திரத்துல நியாயம் இருக்கு. நம்பர் 3 டவர்ஸ் போர் முழுக்க வாஷிங்டன்லயும் பேர்ல் ஹார்பர்லயும் நிர்வாக வேலையிலயே உக்கார வைக்கப்பட்டார். விமானந்தாங்கிப் படைக்குக் கடல்ல தலைமை ஏத்தது 1945 ஆகஸ்ட்ல. போர் முடிஞ்சே போச்சு.

இதுக்கு நடுவுல கப்பல் பக்கம் என்ன நடந்ததுன்னா, கரி ஏத்தற ஒரு கப்பலோட தலையில தட்டையாப் பலகை அடிச்சு, லாங்லினு பேர் வச்சு 1922-ல இறக்கினாங்க. 1925-ல ஜோசப் ரீவ்ஸ் விமானப் பிரிவுக்குத் தலைமை ஏத்தப்ப, அதுல பதினாலு விமானம் போல இருந்துச்சு. இவரும் பீரங்கிக் கப்பல்காரர், பார்வையாளர் கோர்ஸ் முடிச்சுட்டு வந்தவர். இறங்கின விமானத்தை உடனே கீழ இறக்காம முன்பக்கமாத் தள்ளி நிறுத்தி, நடுவுல தடுப்பு வலை போட்டு, அடுத்ததை இறக்கச் சொன்னார். ஆளாளுக்கு ஒரே வேலை, வேலைக்கு ஒரு கலர் சட்டை. கொஞ்ச காலத்துல அதே கப்பல்ல நாற்பதுக்கு மேல விமானம்! ஹார்ட்வேர் மாத்தலை, ப்ராசஸை மாத்தினார்.

1929 ஜனவரியில, போர்ப் பயிற்சியில, சரடோகாவைத் தனியாப் பிரிச்சு ராத்திரியோட ராத்திரியா ஓட்டி, விடியறதுக்கு முன்னாடி சுமார் 70 விமானத்தை பனாமா கால்வாய் மேல "தாக்க" அனுப்பினார் ரீவ்ஸ். 1932 பிப்ரவரி 7-ல இன்னொரு பயிற்சி. அட்மிரல் யார்னெல் ரெண்டு விமானந்தாங்கிக் கப்பலோட வந்து பேர்ல் ஹார்பரைத் திடீர்னு "தாக்கி"க் காட்டினார். ஞாயித்துக்கிழமை காலையில. சரியா ஒன்பது வருஷம் பத்து மாசம் கழிச்சு இன்னொரு ஞாயித்துக்கிழமை காலையில ஜப்பான் நிஜமாவே வந்துச்சு.

கத்துக்கிட்ட ஜப்பான்

ஜப்பானுக்கு 1921-ல பாடம் சொல்லிக் குடுக்கப் போனது ஒரு பிரிட்டிஷ் குழு. 1922 டிசம்பர்ல ஹோஷோங்கிற விமானந்தாங்கிக் கப்பலை ஹெர்மிஸுக்கு முன்னாடியே வேலைக்குக் கொண்டுவந்துட்டாங்க. விமானிகளை எடுக்கற தேர்வு ஐ.ஐ.டி. எல்லாம் தோத்துடும், அவ்ளோ வடிகட்டல். போர் ஆரம்பிச்சப்ப உலகத்துலயே சிறந்த கடற்படை விமானிகள் அவங்கதான்னு சொன்னா மிகையில்லை. ஆறு விமானந்தாங்கிக் கப்பல்களை ஒண்ணாச் சேர்த்து ஒரே படையா அடிக்கலாம்கிற ஐடியாவும் அவங்களோடது. 1941 டிசம்பர் 7-ல பேர்ல் ஹார்பர் மேல 350 விமானம் அப்படித்தான் வந்துச்சு.

அந்தப் படையோட தளபதி நகுமோ விமானி இல்லை, டார்பிடோ நிபுணர். சீனியாரிட்டி லிஸ்ட்ல அவர் பேர் வந்துச்சு, பதவி வந்துச்சு. விமானம் தெரிஞ்ச கெண்டா மினொருவும் ஃபுச்சிடா மிட்சுவோவும் கீழ கமாண்டர் ரேங்க்ல இருந்தாங்க. சொல்லலாம், முடிவு எடுக்க முடியாது.

"ஆஹா, அப்ப விமானி தலைவனா இருந்தா ஜெயிப்பான், இல்லைன்னா தோப்பான்"னு நான் முடிவுக்கு வரும்போதுதான் மிட்வே வந்து மூஞ்சியில குத்துச்சு.

1942 ஜூன் 4. ஹால்சி தோல் வியாதியில ஆஸ்பத்திரியில படுத்துட்டார். "எனக்கு பதிலா இவரை அனுப்புங்க"ன்னு அவர் கைகாட்டினது ரேமண்ட் ஸ்ப்ரூயன்ஸை. க்ரூஸர் கப்பல் ஆள், விமானியே இல்லை. அவர் கலந்துக்கிட்ட சண்டையில ஜப்பான் ஒரே நாள்ல நாலு விமானந்தாங்கிக் கப்பலை இழந்துச்சு. ஆனா ஸ்ப்ரூயன்ஸ் ஒரு புத்திசாலித்தனம் பண்ணார். ஹால்சியோட விமானம் தெரிஞ்ச ஆபீசர் கூட்டத்தை அப்படியே வச்சுக்கிட்டு, அவங்க சொன்னதைக் கேட்டார்.

கீழயும் முடிவெடுக்கற ஆட்கள் இருந்தாங்க. எண்டர்பிரைஸ் கப்பலோட விமானத் தலைவன் வேட் மெக்ளஸ்கி, குறிச்சுக் குடுத்த இடத்துக்குப் போனா வெறும் கடல். பெட்ரோல் தீர்ந்துக்கிட்டிருக்கு. திரும்பாம இன்னும் கொஞ்சம் தேடுவோம்னு போனவர், தனியா வேகமா ஓடற ஒரு ஜப்பானிய டெஸ்ட்ராயரைப் பாத்தார். இது தன் கூட்டத்தைத் தேடித்தான் ஓடுதுன்னு ஊகிச்சு அது போற திசையிலயே போனார். சில நிமிஷத்துல மூணு கப்பல் எரிஞ்சுது. மெக்ளஸ்கியைப் போக விட்டது ஒரு அமைப்பு. அந்த இடத்துல முடிவெடுக்கற அதிகாரம் அவர் கையில இருந்துச்சு.

அன்னிக்கே இன்னொண்ணும் நடந்துச்சு. ஹார்னெட் கப்பல்ல இருந்து போன டார்பிடோ 8 படைப்பிரிவு, 15 விமானம், 30 பேர். துணைக்கு சண்டை விமானம் இல்லாமப் போய் 15-ம் சுட்டு வீழ்த்தப்பட்டுச்சு. ஒரே ஒருத்தர் பிழைச்சார். ஹார்னெட்டோட கேப்டன் பேர் மார்க் மிட்ஷர். 1916-ல விமானியானவர், நம்பர் 33.

சிகாகோ ஏர்போர்ட் சொல்ற கதை

ஆன்சைட் போன நம்ம மக்கள்ல பாதிப் பேர் சிகாகோ ஓஹேர் ஏர்போர்ட்டுல பெட்டியைத் தேடியிருப்பீங்க. எட்வர்ட் ஓஹேர் ஒரு கடற்படை விமானி. 1942 பிப்ரவரி 20-ல தன் கப்பலை நோக்கி வந்த ஜப்பானிய பாம்பர்களைத் தனி ஆளாத் தடுத்தவர். 1943 நவம்பர்ல ஒரு ராத்திரிச் சண்டையில காணாமப் போயிட்டார். 1949-ல அவர் பேரை வச்சாங்க.

ஓஹேருக்குக் குறி பாக்கச் சொல்லிக் குடுத்தவர் ஜிம்மி தாச். ஜப்பானோட ஜீரோ விமானம் தன் விமானத்தை விட வேகமாத் திரும்புதேன்னு, ராத்திரி சாப்பாட்டு மேஜையில தீக்குச்சிகளை அடுக்கி ஒரு வழி கண்டுபிடிச்சார். ரெண்டு ஜோடியாப் பறந்து, மாத்தி மாத்தி ஒருத்தர் பாதையை ஒருத்தர் வெட்டினா, துரத்தறவன் இன்னொருத்தன் துப்பாக்கிக்கு நேரா வந்துடுவான். மிட்வேயில வேலை செஞ்சுது.

இப்படி ஒரு ஆள் கையில இருந்தா என்ன பண்ணுவீங்க? முன்வரிசையிலயே வச்சு சண்டை போட வைப்பீங்கதானே? அமெரிக்கா அவரைத் திருப்பி அனுப்பி புது ஆட்களுக்குப் பாடம் எடுக்க வச்சுச்சு. பிறகு அட்மிரலுக்குத் திட்டம் போட்டுக் குடுக்கற ஆபீசரா அனுப்புச்சு.

புதுசா வந்தவங்க கப்பல்ல இறங்கிப் பழகறது எங்க? அதே சிகாகோவுல. மிச்சிகன் ஏரியில ரெண்டு பழைய பயணிகள் கப்பல், கரியில ஓடறது, பக்கவாட்டுல சக்கரம் சுத்தறது. அதுமேல தட்டையா மேடை அடிச்சு வுல்வரின், சேபிள்னு பேர் வச்சாங்க. சண்டைக்கு லாயக்கே இல்லாத இந்த ரெண்டு ஓட்டைக் கப்பல்ல பயிற்சி முடிச்ச விமானிகள் 17 ஆயிரத்துக்கும் மேல. பின்னாடி ஜனாதிபதியான சீனியர் புஷ் உட்பட.

ஜப்பான் பண்ணது நேர் எதிர். சிறந்த விமானியை முன்னாடியே வச்சிருந்தாங்க. சாகற வரைக்கும். மிட்வேயில அவங்க இழந்த விமானக் குழுவினர் சுமார் 110 பேர்தான். கப்பல் நாலு போனாலும் பெரும்பாலான விமானிகள் பிழைச்சாங்க. உண்மையான ரத்தம் போனது அதுக்கப்புறம் சாலமன் தீவுகள்லயும் ரபவுல்லயும், மாசக்கணக்குல, கொஞ்சம் கொஞ்சமா. 1943-ல கப்பல் விமானிகளைக் கரைக்கு அனுப்பி அங்கேயும் கரைச்சாங்க. நிஷிசாவா ஹிரோயோஷினு அவங்களோட தலைசிறந்த வீரர்கள்ல ஒருத்தர், 1944 அக்டோபர்ல, புது விமானம் வாங்கிட்டு வர ஒரு சரக்கு விமானத்துல பயணியாப் போகும்போது சுடப்பட்டு இறந்தார்.

போரோட சிரமத்துல அவங்களுக்கு வேற வழி இருந்துச்சான்னா, எரிபொருள் தட்டுப்பாடும் ஒரு காரணம்தான். ஆனா சமாதான காலத்துலயே வருஷத்துக்குக் கொஞ்சம் பேரை மட்டும் எடுத்து வைரம் மாதிரி பட்டை தீட்டினது அவங்க தேர்ந்தெடுத்த வழி. வைரம் தொலைஞ்சா மாத்து இல்லை.

விளக்கைப் போடுங்க

1944 ஜூன் 19, பிலிப்பைன் கடல். 15 அமெரிக்க விமானந்தாங்கிகள், 9 ஜப்பானிய விமானந்தாங்கிகள். ஒரே நாள்ல ஜப்பான் 300-க்கும் மேல விமானங்களை இழந்துச்சு. ஓட்டினவங்க பெரும்பாலும் பயிற்சி முடியாத பசங்க. இத்தனைக்கும் 1941-ல உலகத்துலயே சிறந்த படை.

மறுநாள் சாயங்காலம்தான் ஜப்பானியக் கப்பல்கள் கண்ணுல பட்டுச்சு. ரொம்ப தூரம், சூரியன் இறங்கற நேரம். போனா இருட்டுல திரும்பணும், பெட்ரோல் பத்தாது. படைக்குத் தலைமை மார்க் மிட்ஷர். 200-க்கும் மேற்பட்ட விமானங்களை அனுப்பினார். ஹியோங்கிற விமானந்தாங்கி மூழ்குச்சு.

திரும்பி வரும்போது கும்மிருட்டு. ராத்திரி இறங்கிப் பழகாத பசங்கதான் அதிகம். போர்க்காலத்துல கப்பல்ல ஒரு சிகரெட் பத்த வச்சாலே குத்தம், நீர்மூழ்கி பாத்துடும். மிட்ஷர் எல்லாக் கப்பலையும் விளக்கு போடச் சொன்னார். தேடுவிளக்கு வானத்தை நோக்கி. அடுத்து எந்தக் கப்பல் கிடைக்குதோ அதுல இறங்குங்கன்னு உத்தரவு. கிட்டத்தட்ட 80 விமானம் பெட்ரோல் தீர்ந்து கடல்லயும், மோதி மேடையிலயும் போச்சு. ஆனா விடிய விடியத் தேடி ஆட்களைப் பொறுக்கி எடுத்தாங்க. ரெண்டு நாளுக்குள்ள பெரும்பாலானவங்க கிடைச்சாங்க. சண்டையையும் சேர்த்து அந்தப் பயணத்துல திரும்பாதவங்க 49 பேர்.

பீரங்கிக் கப்பல்காரர் அந்த விளக்கைப் போட்டிருப்பாரான்னு எனக்குத் தெரியாது. ஆனா ஹார்னெட்ல நின்னுக்கிட்டு டார்பிடோ 8 திரும்பி வரும்னு பாத்துக்கிட்டிருந்த ஆள், ரெண்டு வருஷம் கழிச்சு அந்த ஸ்விட்சைப் போட்டார்னு எனக்குப் படுது. 28 வருஷம் விமானியா இருந்தவருக்கு மேல இருட்டுல சுத்தறவன் வயித்துல என்ன புளியைக் கரைக்கும்னு யாரும் பிரசன்டேஷன் போட்டுக் காட்ட வேண்டியதில்லை.

இந்த மிட்ஷரோட தலைமை உதவியாளர் யார் தெரியுமா? ஆர்லி பர்க், டெஸ்ட்ராயர் ஆள். விமானி தளபதின்னா கப்பல் ஆள் உதவியாளர், கப்பல் ஆள் தளபதின்னா விமானி உதவியாளர்னு அப்ப ஒரு விதி கொண்டுவந்திருந்தாங்க. முதல்ல மிட்ஷருக்கு பர்க்கைப் பிடிக்கவே இல்லை. போகப் போக விட்டுப் பிரிய முடியாத ஜோடி ஆயிட்டாங்க.

நாலே மாசத்துல, 1944 அக்டோபர்ல, ஜப்பான் தற்கொலைப்படையை ஆரம்பிச்சுது. ஆரம்பிச்ச ஓனிஷி டகிஜிரோ அவங்களோட கடற்படை விமானத்துறையை வளர்த்தவங்கள்ல ஒருத்தர், தானே விமானி. சொல்லிக்குடுக்க ஆசான் இல்லை, நேரம் இல்லை, பெட்ரோல் இல்லை. இறங்கக் கத்துக்க வேண்டிய அவசியமே இல்லாத பறத்தல் மட்டும் மிச்சம் இருந்தது. போர் முடிஞ்ச மறுநாள் ஓனிஷி வயித்தைக் கிழிச்சுக்கிட்டு செத்தார். அந்தப் பசங்க செத்தது செத்ததுதான்.

நம்ம பக்கம்

நம்ம விக்ராந்த் 1961-ல வந்துச்சு. அதுல முதல் ஜெட்டை இறக்கின லெஃப்டினன்ட் தஹிலியானி, பின்னாடி அதே விக்ராந்துக்குக் கேப்டனாகி, 1984-ல கடற்படைத் தலைமைத் தளபதியாவே ஆனார். 1971 டிசம்பர் 4-ல, பாய்லர்ல விரிசலோட முழு வேகத்துல ஓட முடியாத அந்தக் கப்பல்ல இருந்துதான் சீ ஹாக் விமானங்கள் காக்ஸ் பஜாரைத் தாக்குச்சு. இன்னிக்கு அரக்கோணம் பக்கம் ரயில்ல போறப்ப தலைக்கு மேல ஹெலிகாப்டர் பறந்தா, அது பெரும்பாலும் ஐ.என்.எஸ். ராஜாளியில இருந்து. அங்க ஹெலிகாப்டர் பயிற்சிப் பள்ளி இருக்கு.

சரி, எனக்கு ஏன் இந்த ரெண்டு மாசக் கிறுக்குன்னு சொல்லிடறேன். மூணு வருஷம் முன்னாடி நான் இருந்த ஒரு ப்ராஜெக்ட்ல (கம்பெனி பேர் வேண்டாம்) ரெண்டு சீனியர்கள். எந்த ராத்திரி எது விழுந்தாலும் அவங்கதான் எழுப்பணும். "இவங்க இல்லாம நடக்காது"ன்னு சொல்லிச் சொல்லி லீவு குடுக்கலை, புதுப் பசங்களுக்குச் சொல்லிக்குடுக்க நேரமும் குடுக்கலை. ஒரே மாசத்துல ரெண்டு பேரும் பேப்பர் போட்டாங்க. அடுத்த ராத்திரி கால்ல உக்காந்திருந்தது நான். எட்டு மாச அனுபவம். விடியற வரைக்கும் எனக்குத் தெரிஞ்ச ஒரே பதில், "செக் பண்ணிட்டுச் சொல்றேன்". எங்களுக்காக யாரும் விளக்கு போடலை.

இப்ப வேற கம்பெனி. போன வாரம் கூப்பிட்டு, "டீம் லீடாப் போறியா? கோட் எழுத நேரம் இருக்காது"ன்னாங்க. ரெண்டு நாள் டைம் கேட்டேன். போறேன்னு சொல்லிட்டேன், ரெண்டு கண்டிஷனோட. மாசம் ஒரு வாரம் ராத்திரி கால் என் பேர்லயும் இருக்கணும். டீம்ல ரொம்ப நல்லாப் பண்ற பொண்ணை மூணு மாசத்துக்கு ஒருதடவை சப்போர்ட்ல இருந்து எடுத்து, புதுசுங்களுக்குச் சொல்லிக்குடுக்க விடணும். முதல் கண்டிஷனுக்குச் சிரிச்சாங்க. ரெண்டாவதுக்கு "பில்லிங் போயிடுமே"ன்னாங்க. பேசிக்கிட்டிருக்கோம்.

பாட்டிகிட்ட ஹெர்மிஸ் கதையைச் சொன்னேன். முழுக்கக் கேட்டுட்டு, "விமானமே இல்லாத கப்பலை எதுக்குடா அந்த வெயில்ல கடல்ல விட்டான்?"னாங்க.

20 வருஷக் கதை பாட்டி அதுன்னேன்.